மொட்டைக் கடுதாசிக்கு ஒரு சிவப்புப் பேனா

கோயிலை ஒட்டிய அந்தச் சின்ன அறையில் ஆறு நாற்காலிகள் இருந்தன. ஐந்தில் ஆண்கள் உட்கார்ந்திருந்தார்கள். ஆறாவதில் பாட்டுப் புத்தகங்களை அடுக்கி வைத்திருந்தார்கள். நான் நின்றுகொண்டிருந்தேன்.

ஞாயிறு ஆராதனை முடிந்து கால் மணி நேரம்கூட ஆகியிருக்காது. ஜன்னலுக்கு வெளியே சபைப் பெண்கள் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார்கள். செருப்பு கிடைத்த பிறகும் தேடிக்கொண்டிருந்தார்கள். ஜன்னல் திறந்திருந்ததே.

மேசையில் டீ. ஒரு தட்டில் உப்பு பிஸ்கட். நடுவில் தண்ணீர் டம்ளருக்கு அடியில் ஒரு நீல இன்லண்ட் லெட்டர். ஃபேன் காற்றில் அதன் ஓரம் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது.

எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. கடிதம் என்னைப் பற்றியது.

ஐவரில் ஒருவர் ஐயர். சர்ச்சைக் கோயில் என்பது போல, எங்கள் சபையில் போதகரை அப்படித்தான் கூப்பிடுவோம். இன்னொருவர் சாலமோன் அங்கிள், சபைக் கமிட்டியின் செயலாளர். இரண்டு பேர் எதற்கும் தலையாட்டுவதற்காகவே தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள். அவர்கள் பெயர் மறந்துவிட்டது. மறந்ததில் அவர்களுக்கும் நிம்மதியாகத்தான் இருக்கும்.

ஐந்தாவது ஆள் என் அப்பா.

ஆமாம், அப்பாதான். கமிட்டியில் அவரும் உறுப்பினர். மகளை விசாரிக்க வந்தவர்களில் ஒருவராக மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தார். டீயில் மிதந்த ஆடையைக் கண் எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

நான் பாட்டுப் புத்தகங்களைத் தூக்கி ஜன்னல் கட்டையில் வைத்துவிட்டு, அந்த நாற்காலியில் உட்கார்ந்தேன்.

"உன்னை யாரும் உக்காரச் சொல்லலியேம்மா" என்றார் சாலமோன் அங்கிள்.

"நிக்கவும் யாரும் சொல்லலியே அங்கிள்."

கடிதத்தைப் பிரிப்பதற்கு முன்பே என் முதல் குற்றம் பதிவாகிவிட்டது.

பெஞ்சு உத்தியோகம்

இந்த இடத்தில் சென்னைப் புறநகரில் இருக்கிற எங்கள் கொரட்டூரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். எண்பதுகளின் கடைசியில் அங்கே பாதிப் பேர் வேலைக்குப் போனார்கள். மீதிப் பேர், வேலைக்குப் போகிறவர்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இரண்டாவது வேலையில்தான் உழைப்பு அதிகம்.

ரயில்வே பிளாட்பாரத்து சிமென்ட் பெஞ்சில் தினமும் மூன்று பேர் இருப்பார்கள். ரிட்டயர் ஆனவர்கள். வேஷ்டி, ஒரு பேப்பரை மூன்றாகப் பிரித்து ஆளுக்கு ஒரு தாள். அவர்கள் எந்த ரயிலிலும் ஏறி நான் பார்த்ததில்லை. காலையில் நான் எந்த நிற உடையில் போனேன், சாயங்காலம் எத்தனை மணி வண்டியில் இறங்கினேன், பக்கத்தில் யார் நடந்து வந்தார்கள் என்பதெல்லாம் அவர்களுக்கு மனப்பாடம். தங்கள் பேரப்பிள்ளைகள் எந்த வகுப்பில் படிக்கிறார்கள் என்று கேட்டால் யோசிப்பார்கள்.

ரேஷன் கடை வரிசை, பால் பூத், குழாயடி எல்லாமே இதற்குக் கிளை அலுவலகங்கள்தான். 'பொண்ணு படிச்சு வேலைக்குப் போகணும்' என்று மேடையில் பேசுவார்கள். போனால் தெருமுனையில் நின்று பார்ப்பார்கள். அம்பத்தூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் வேலை செய்கிற பெண்கள் என்றால் ஒரு தனிச் சிரிப்பு வைத்திருந்தார்கள். கல்யாணத்துக்குப் பெண் பார்க்க வருகிறபோது மட்டும் அந்தச் சிரிப்பை மடித்து உள்ளே வைத்துக்கொண்டு, "பொண்ணு நிரந்தர வேலையா, டெம்ப்ரவரியா?" என்று கேட்பார்கள்.

என் முதல் சுடிதாரைப் பூந்தமல்லியில் ஒரு தையல்காரரிடம் தைத்தேன். அளவு எடுக்கிறதுக்கு முன்னால் அவர் கேட்ட முதல் கேள்வி, "அப்பாவுக்குத் தெரியுமாம்மா?"

"அப்பாவுக்கும் அளவு எடுக்கப்போறீங்களா?" என்றேன். இடுப்பில் இரண்டு அங்குலம் அதிகம் வைத்துத் தைத்துப் பழிவாங்கிவிட்டார்.

அம்மா துப்பட்டாவின் இரண்டு பக்கமும் ஊக்கு குத்தி அனுப்புவாள். திங்கள் முதல் சனி வரை சுடிதார். ஞாயிற்றுக்கிழமை சேலை. ஆண்டவருக்கு வாரத்தில் ஒரு நாள்தான் கண் தெரியும் என்று எங்கள் சபை முடிவு செய்திருந்தது.

இரண்டு ஸ்டேஷன் நீளம்

எஸ்டேட்டில் ஒரு சின்னக் கம்பெனியில் நான் டைப்பிஸ்ட். தமிழ், இங்கிலீஷ் இரண்டிலும் ஹையர் பாஸ். எதிர்க் கட்டிடத்து மெஷின் ஷாப்பில், செய்த பாகங்களை அளந்து பார்க்கிற இன்ஸ்பெக்டராக இருந்தவன் தயாளன். அப்போது 'அவர்' என்பேன். இப்போது 'அவன்' போதும்.

வெள்ளானூர்க்காரன். தலைமுறை தலைமுறையாக நெல் போட்ட குடும்பம். வீட்டில் முதன்முதலாகக் கம்பெனி வேலைக்கு வந்தவன் அவன்தான். சைக்கிளில் ஆவடி வந்து, அங்கிருந்து ரயில் பிடித்து அம்பத்தூரில் இறங்குவான். நான் கொரட்டூரில் ஏறி எதிர்ப்பக்கமிருந்து வருவேன். ஸ்டேஷனிலிருந்து எஸ்டேட் வரை ஒன்றாக நடப்போம். சாயங்காலம் அவன் வீட்டுக்குப் போகிற வண்டியை விட்டுவிட்டு என்னோடு எதிர்த்திசை வண்டியில் ஏறுவான். அம்பத்தூர், பட்டரவாக்கம், கொரட்டூர். நான் இறங்கிப் படியேறும்வரை பிளாட்பாரத்தில் நின்றுவிட்டு, அடுத்த வண்டியில் திரும்புவான்.

என் காதலின் மொத்த நீளம் இரண்டு ஸ்டேஷன். அதற்குள் ஒரு பொட்டலம் வேர்க்கடலை தீர்ந்துவிடும். அவன் கையில் மெஷின் எண்ணெய் வாசமும், அதைப் போக்கத் தேய்த்த எலுமிச்சை சோப்பு வாசமும் சேர்ந்து அடிக்கும். ஒரு மழை நாளில் ஜன்னல் கம்பியைப் பிடித்திருந்த என் விரல் மேல் அவன் விரல் பட்டது. இருவரும் எடுக்கவில்லை. பட்டரவாக்கத்தில் கூட்டம் ஏறியதும் எடுத்துவிட்டோம். நடந்தது இவ்வளவுதான். இதைக் கண்டுபிடிக்க ஓர் ஊரே ராப்பகலாகத் துப்பறிந்தது.

ஒரு குற்றத்தை மட்டும் நானே ஒப்புக்கொள்கிறேன். ஒரு நாள் அலுவலகத் தோழி விளையாட்டாக என் நெற்றியில் ஸ்டிக்கர் பொட்டு வைத்துவிட்டாள். அதைப் பார்த்துவிட்டு அவன் சொன்னான்: "எங்க ஊட்டுப் பொண்ணு மாரியே கீற."

எனக்குத் தலைகால் புரியவில்லை. அன்றிலிருந்து தினமும் காலையில் அம்பத்தூரில் இறங்கியதும் பொட்டு வைப்பேன். மாலையில் கொரட்டூர் வருவதற்கு முன் உரித்து, ரயில் பாஸ் உறைக்குள் ஒட்டிவிடுவேன். கிறிஸ்தவ வீட்டுப் பெண்ணான என் நெற்றி இரண்டு ஸ்டேஷனுக்கு இடையில் மதம் மாறி மதம் திரும்பிக்கொண்டிருந்தது. அவன் சொன்னது பாராட்டு என்று நினைத்தேன். நிபந்தனை என்று புரிகிற வயது அப்போது இல்லை.

பெயர் இல்லாதவரின் மூன்று கடிதங்கள்

கடிதங்கள் ஒரே வாரத்தில் வந்தன. ஒன்று அப்பாவுக்கு, வீட்டு முகவரிக்கு. ஒன்று என் மானேஜருக்கு. ஒன்று ஐயருக்கு. மூன்றிலும் ஒரே கையெழுத்து. அடியில் 'உங்கள் நலம் விரும்பி'. இந்த நலம் விரும்பிகள் மட்டும் எந்தக் காலத்திலும் பெயரோடு பிறப்பதே இல்லை.

அப்பா கடிதத்தைப் படித்துவிட்டு அம்மாவிடம் நீட்டினார். அதற்குப் பிறகு என்னோடு பேசவில்லை. திட்டியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன்.

மானேஜர் கூப்பிட்டு, கடிதத்தை இரண்டு விரலால் பிடித்துக் காட்டினார். "இதை என்னம்மா பண்றது?"

"ஃபைல் பண்ணிடவா சார்?"

சிரிக்கவில்லை. "உன் வேலையில குறை ஒண்ணும் இல்ல. ஆனா கம்பெனி பேருன்னு ஒண்ணு இருக்கில்ல" என்றார். மறுநாள் என் மேசை வாசல் பக்கத்திலிருந்து ஸ்டோர் ரூம் பக்கத்துக்குப் போனது. கம்பெனியின் பேர் காப்பாற்றப்பட்டது.

ஸ்டோர் ரூம் பக்கத்தில்தான் பேக்கிங் பிரிவு. அங்கே அஞ்சலை இருந்தாள். என்னைவிட நாலைந்து வயது பெரியவள். வாயில் எப்போதும் வெற்றிலை.

"இன்னாடி ரூபி, மூஞ்சத் தொங்கப் போட்டுகினு கீற?"

சொன்னேன். அட்டைப் பெட்டியை மூடி டேப் ஒட்டிக்கொண்டே கேட்டாள்.

"எய்தினது ஆம்பளையா பொம்பளையான்னே தெர்ல. அதுக்குப் போயி அய்வுறியா? எங்க தெருவுல எதுனா சொல்லணும்னா வாசல்ல வந்து நின்னு கத்துவாங்கோ. ஊருக்கே கேக்கும். நாமளும் திருப்பிக் கத்தலாம். அதுல ஒரு மரியாதி கீதுல்ல? இது இன்னா, பொட்டப் பசங்க வேல."

"பொட்டைன்னு சொல்லாத அஞ்சலை. நாமளும் பொண்ணுங்கதான்."

"அதான் சொல்றேன். நம்ம யாருனா இப்டி பண்ணுவோமா?" என்றாள். அவளுடைய தர்க்கம் எனக்குப் புரியவில்லை. ஆனால் அந்த வாரம் என்னிடம் நேராக முகத்தைப் பார்த்துப் பேசிய ஒரே ஆள் அவள்தான்.

பதினான்கு பிழைகள்

இப்போது அந்த அறைக்குத் திரும்பலாம்.

சாலமோன் அங்கிள் தொண்டையைச் செருமிக்கொண்டு, "இதுல எழுதியிருக்கிறது எல்லாம் உண்மையா?" என்றார்.

"நான் இன்னும் படிக்கலியே அங்கிள். குடுங்க."

ஐயர் டம்ளரைத் தூக்கினார். கடிதம் என் கைக்கு வந்தது. படித்தேன். முதல் வரியிலேயே என் கை தானாகக் கைப்பைக்குள் போயிற்று. அலுவலகத்தில் பிழை திருத்துகிற சிவப்புப் பேனா அதில் கிடந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், அவர்களை அவமானப்படுத்த வேண்டும் என்று நான் திட்டம் போட்டு வரவில்லை. தினமும் பத்துப் பக்கம் தமிழ் அடிக்கிறவளின் கை அது. 'ஒலுக்கம்' என்று எழுதியிருந்ததைப் பார்த்துவிட்டுச் சும்மா இருக்க அதற்குத் தெரியாது.

'ஒலுக்கம்' வட்டம் போட்டேன். 'கிருஸ்த்துவ குடும்பத்திள்' வட்டம். 'நெற்றியிள் பொட்டு' வட்டம். ஐந்து பேரும் என் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஜன்னலுக்கு வெளியே செருப்புத் தேடுவதும் நின்றிருந்தது.

"பதினாலு தப்பு ஐயரே" என்று கடிதத்தைத் திருப்பி வைத்தேன். "ஒழுக்கம்ங்கற வார்த்தை நாலு எடத்துல வருது. நாலு எடத்துலயும் தப்பு."

என் ஒழுக்கத்தைக் கவனிக்கச் செலவழித்த நேரத்தில் பாதியை அந்த ஆள் ழகரத்துக்குக் கொடுத்திருக்கலாம்.

சாலமோன் அங்கிளின் காது சிவந்தது. "பேச்சை மாத்தாத. பொட்டு வைக்கிறியா இல்லியா?"

"வைக்கிறேன்."

"அந்தப் பையன் யாரு?"

"அது எங்க வீட்டுல கேக்க வேண்டிய கேள்வி. எங்க வீட்டுலேருந்து வந்தவர் இங்கதான் இருக்கார். அவர் கேட்டா சொல்றேன்."

எல்லோரும் அப்பாவைப் பார்த்தார்கள். நானும் பார்த்தேன். கேட்கட்டும் என்று உண்மையாகவே ஆசைப்பட்டேன். கோபமாகவாவது கேட்கட்டும். அப்பா பிஸ்கட் தட்டைக் கொஞ்சம் நகர்த்தி வைத்தார்.

ஐயர் நல்ல மனிதர். நல்லவர்கள் செய்கிற காரியத்தையே செய்தார். எல்லோருக்கும் வசதியான ஒரு வழி சொன்னார். "ஒரு மன்னிப்புக் கடிதம் எழுதிக் குடுத்துடும்மா. கொஞ்ச நாளைக்கு நீ பிள்ளைங்களுக்கு சண்டே கிளாஸ் எடுக்க வேண்டாம். அப்புறம் எல்லாம் சரியாயிடும்."

"யாருக்கு எழுதறது ஐயரே? குத்தம் சொன்னவருக்குப் பேரே இல்லியே."

ஓட்டெடுப்புக்கு விட்டார்கள். சண்டே கிளாஸிலிருந்து என்னை நிறுத்துவதை ஆதரிப்பவர்கள் கை தூக்கலாம். நாலு கைகள் எழுந்தன. ஐந்தாவது கை மெல்ல எழுந்து, பாதி வழியில் தயங்கி, மூக்குக் கண்ணாடியைச் சரி செய்தது. சாலமோன் அங்கிள் அதையும் எண்ணிக்கொண்டார். நோட்டில் 'ஏகமனதாக' என்று எழுதினார். அந்த வார்த்தையை மட்டும் பிழையில்லாமல் எழுதினார்.

அப்பா மறுக்கவில்லை.

வீட்டுக்கு நடக்கும்போது அவர் பத்தடி முன்னால் போனார். சாப்பிட உட்கார்ந்ததும் அம்மா கறிக்குழம்பை ஊற்றிக்கொண்டே கேட்டாள், "என்ன சொன்னாங்க?"

"சண்டே கிளாஸ் வேண்டாம்னாங்க."

"நீங்க என்ன சொன்னீங்க?"

அப்பா சோற்றைப் பிசைந்தார்.

அம்மா கரண்டியைக் குழம்பிலேயே விட்டுவிட்டு எழுந்து உள்ளே போய்விட்டாள். என் நினைவு தெரிந்து அன்றுதான் அப்பா தானே பரிமாறிக்கொண்டு சாப்பிட்டார்.

நாலாவது கடிதம்

மறுநாள் மாலை அம்பத்தூர் பிளாட்பாரத்தில் தயாளனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். சிவப்புப் பேனா, பதினாலு தப்பு, எல்லாம். அவன் சிரிப்பான் என்று நினைத்தேன். சிரிப்பதற்கு நானே இடம் விட்டுவிட்டுச் சொன்னேன்.

அவன் சட்டைப் பையிலிருந்து ஒரு நீலத் தாளை எடுத்தான். மடிப்புகள் நைந்து, வியர்வையில் ஓரம் வெளுத்திருந்தது. அதே கையெழுத்து.

"எனக்கும் ஒண்ணு வந்துச்சு. மூணு வாரம் ஆவுது" என்றான். "ஒன்னைய ஸ்கூட்டர்ல இட்டுனு போனானாமே, அவன் யாரு?"

நசரத்பேட்டையில் இருக்கிற என் பெரியம்மாவைப் பார்க்க, அம்மாவின் தம்பியோடு ஸ்கூட்டரில் போயிருந்தேன். 'என் மாமா' என்று இரண்டு வார்த்தை சொன்னால் முடிந்துவிடும். நாக்கு நுனி வரை வந்தது. சொல்லவில்லை.

"நீங்க யாருன்னு நெனச்சீங்க?"

"நான் ஒண்ணும் நெனிக்கல. சும்மா கேக்கறேன்."

"மூணு வாரமா கேக்கலியே."

"நேரம் வரட்டும்னு பாத்துகினு இருந்தேன்."

மூன்று வாரம். தினமும் இந்தத் தாளைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்து கடலை தின்றிருக்கிறான். நான் சிரித்தபோதெல்லாம் அதோடு ஒத்துப் பார்த்திருக்கிறான். பெஞ்சில் உட்கார்ந்திருந்த அந்த மூன்று பேராவது என்னைக் காதலிப்பதாகச் சொல்லவில்லை.

என் மௌனத்தை அவன் பயம் என்று எடுத்துக்கொண்டான். குரலைத் தாழ்த்தி, தாராளமாகப் பேச ஆரம்பித்தான். "நான் ஒன்ன நம்பறேன். ஆனா எங்க ஊட்ல நாளைக்கு யாருனா கேட்டா நான் இன்னா சொல்றது? கல்யாணம் ஆனா வேலைய உட்டுடு. இந்தச் சுடிதார்லாம் வோணாம். பேர மட்டும் ராதான்னு மாத்திக்கலாம். ரூபின்னா எங்கம்மா வாயில நொய்யாது."

"ரெண்டே எழுத்து. நுழையாதா?"

"இன்னா ரூபி, நக்கல் பண்ற?"

வண்டி வந்துகொண்டிருந்தது. நான் நெற்றியிலிருந்த பொட்டை உரித்து, அவன் கையில் இருந்த நீலத் தாளில் ஒட்டினேன். "உங்க ஊட்டுப் பொண்ணு இதுல கீறா. பத்திரமா இட்டுனு போங்க."

பெண்கள் பெட்டியில் ஏறிக்கொண்டேன். அவன் பின்னால் வரவில்லை. அவன் போகவேண்டிய வண்டி எதிர்ப் பிளாட்பாரத்தில்தான் நின்றது.

வீராங்கனை மாதிரி எழுதிவிட்டேன். பட்டரவாக்கம் தாண்டும்வரை அப்படித்தான் இருந்தேன். பிறகு அழுதேன். எதிரே கூடையோடு உட்கார்ந்திருந்த கீரைக்காரம்மா ஒன்றும் கேட்காமல், மூச்சு விடட்டும் என்று ஜன்னலோர இடத்தை எனக்கு விட்டுக்கொடுத்தார். அவன் மறைத்த மூன்று வாரமா, நாங்கள் பழகிய இரண்டு வருடமா, எது அதிகம் வலித்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

பியூலா சொன்னது

கடிதம் எழுதியது யார் என்று கடைசிவரை கண்டுபிடிக்க முடியவில்லை. கண்டுபிடிக்க ஆசையும் இல்லை. மன்னிப்புக் கடிதம் எழுதவில்லை. சண்டே கிளாஸுக்கும் திரும்பவில்லை. வேறு கம்பெனிக்குப் போனேன். இருபத்தொன்பதாவது வயதில், என் பெயரைச் சிரமமில்லாமல் சொல்லத் தெரிந்த ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டேன். அந்த ஏழு வருடமும் ஊர் எனக்கு வயது எண்ணிக்கொடுத்தது. பிறகு வீட்டுக்கு வீடு கேபிள் டிவி வந்தது. பார்ப்பதற்கு வேறு பெண்கள் கிடைத்ததும் என்னை விட்டுவிட்டார்கள்.

பல வருடம் கழித்து ஒரு கல்யாண வீட்டில் பியூலாவைப் பார்த்தேன். எங்கள் பழைய சபைப் பெண். என்னைவிட ஐந்தாறு வயது சின்னவள். நர்ஸாக இருக்கிறாள். என் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை.

"அக்கா, உங்களுக்குத் தெரியுமா? என்னைப் பத்தியும் ஒரு மொட்டைக் கடுதாசி வந்துச்சு. ஆவடியில ஒரு பையனோட ஐஸ்கிரீம் சாப்பிட்டேனாம். கமிட்டியில கூப்பிட்டு விசாரிச்சாங்க."

என் விஷயம் நடந்து நாலைந்து வருடம் கழித்து நடந்தது என்றாள். நான் அப்போது அதே கொரட்டூரில், அதே வீட்டில்தான் இருந்தேன். எனக்கு ஒன்றும் தெரியாது.

"சாலமோன் அங்கிள் படிக்க ஆரம்பிச்சாரு. உங்கப்பா எழுந்து அவர் கையிலேருந்து லெட்டரைப் பிடுங்கினாரு அக்கா. நாலாக் கிழிச்சாரு. 'பேர் போடத் தைரியம் இல்லாதவன் எழுதுனதுக்கு ஒரு பொம்பளப் பிள்ளைய எதுக்குய்யா நிக்க வைக்கிறீங்க, நமக்கு வெக்கமா இல்லியா'ன்னு சத்தம் போட்டாரு. நான் அப்படி ஒரு சத்தம் கேட்டதே இல்ல. இனிமே கமிட்டிக்கு வரமாட்டேன்னு சொல்லிட்டு, என்னைக் கூட்டிட்டு வந்து எங்க வீட்டுல விட்டுட்டுப் போனாரு."

ரத்தக் கொதிப்பு என்று சொல்லித்தான் அப்பா கமிட்டியை விட்டார். நாங்களும் உப்பைக் குறைத்துச் சமைத்துக்கொண்டிருந்தோம்.

"அப்படி ஒரு அப்பா கிடைக்கக் குடுத்து வெச்சிருக்கணும் அக்கா" என்றாள். அவள் கண் கலங்கியிருந்தது. நான் தலையை ஆட்டினேன்.

அடுத்த ஞாயிறு அப்பாவைப் பார்க்கப் போனேன். முதுமையில் கை நடுக்கம் வந்திருந்தது. சுற்றி வளைக்காமல் கேட்டேன், "பியூலா லெட்டரைக் கிழிச்சீங்களாமே."

"யார் சொன்னா?"

"அவளே சொன்னா. எனக்கு ஏம்ப்பா செய்யல?"

"நீ என் பொண்ணு. உனக்காகப் பேசினா, பாசத்துல பேசறான்னு சொல்லிடுவாங்கன்னு பயந்துட்டேன்."

"பாசத்துல பேசினா என்னப்பா தப்பு?"

அவர் மூக்குக் கண்ணாடியைச் சரி செய்தார். இரண்டு பேரும் காபி குடித்தோம். பிறகு நான் கிளம்பி வந்துவிட்டேன்.

பியூலா இன்றும் தினமும் என் அப்பாவின் பெயரைச் சொல்லி ஜெபிக்கிறாளாம். செய்யட்டும். அவள் பார்த்த மனிதர் அதற்குத் தகுதியானவர்தான். அவரோடு நான் இருபத்தொன்பது வருடம் ஒரே கூரையின் கீழ் இருந்தேன். ஒரு நாள்கூட அவரைச் சந்தித்ததில்லை.